ஓரோச்சி: வேகத்தைக் குறைத்துவிட்டுப் பாருங்கள்

கேள்வி: 'ஓரோச்சி' (1925) என்ற ஜப்பானிய மௌனப் படத்தை இணையத்தில் பார்த்தேன். ஆட்கள் விறுவிறுவென்று ஓடுகிறார்கள். யார் என்ன பேசுகிறார் என்றே பல இடங்களில் புரியவில்லை. நாயகனோ எடுத்ததற்கெல்லாம் கைகலப்பில் இறங்கும் முரடன். இதையா கடமை, மானம் பற்றிய படம் என்கிறார்கள்?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: நீங்கள் பார்த்தது பாதிப் படம். அதை வைத்து முழுப் படத்துக்கும் தீர்ப்பு எழுதாதீர்கள்.

முதலில் வேகம். 35 மி.மீ. ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 ஃபிரேம். 1000 அடி ரீலில் 16,000. மௌனப் பட வழக்கப்படி நொடிக்கு 16 வீதம் ஓட்டினால் அந்த ரீல் 16 நிமிடம் 40 நொடி வரும். பேசும் படத்துக்குரிய 24 வீதத்தில் ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். உங்கள் பிரதி அப்படி ஏற்றப்பட்டதாக இருந்தால் பிளேயரில் 0.75 வேகம் வையுங்கள்; நொடிக்கு 18 ஆகி, அந்தப் பழைய வேகத்தை நெருங்கிவிடும். வேகம் சரிதானா என்பதைச் சாதாரண நடையை வைத்துப் பாருங்கள். வாள் சண்டையை வைத்துக் கணிக்காதீர்கள். சண்டை விரைவாகத் தெரிவதற்காக அதை மட்டும் கேமராவின் கைப்பிடியை மெதுவாகச் சுழற்றிப் படமெடுக்கும் வழக்கம் அன்று இருந்தது.

அடுத்தது குரல். ஜப்பானில் மௌனப் படம் மௌனமாக ஓடியதில்லை. திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்று எல்லாப் பாத்திரங்களுக்கும் பேசுவார்; ஷாமிசென் என்ற ஜப்பானிய நரம்பிசைக் கருவியும் வயலினும் சேர்ந்து ஒலிக்கும். அவர் இருக்கும் தைரியத்தில்தான் வசனம் காட்டும் எழுத்து அட்டைகளைக் குறைத்தார்கள். பென்ஷி வர்ணனை சேர்த்த பிரதி கிடைக்கிறது, அதைத் தேடிப் பாருங்கள்.

முரடன் என்கிறீர்களே, நாயகன் ஹெய்சபுரோ எதற்காகக் கை ஓங்குகிறான்? குருவின் மகள் நமியேவைப் பற்றி அவதூறு பேசியவர்களோடு மோதுகிறான். காரணத்தைக் கேட்காமலேயே குரு அவனைத் துரத்துகிறார். மானம் காக்கப் போனவனுக்கு ரவுடிப் பட்டம்; பெரிய மனிதர் வேடம் போடும் அயோக்கியனுக்கு ஊரே மரியாதை செய்கிறது. பட்டம் கொடுப்பவர்கள் யார் என்பதுதான் இயக்குநர் புந்தாரோ ஃபுதகாவாவின் கேள்வி. படத்துக்கு முதலில் வைத்த பெயரே 'போக்கிரி' என்ற பொருளில்தான். தணிக்கை அதை மாற்றவைத்தது, காட்சிகளையும் வெட்டியது.

கடைசிச் சண்டையை இன்னொரு முறை பாருங்கள். அதற்குமுன் வந்த பல படங்களில் வாள்வீச்சு கபுகி நாடக மேடையின் நடன அசைவாகவே இருந்தது. இங்கே நாயகனாக நடித்த ட்சுமசபுரோ பாந்தோ மூச்சிரைக்கிறார், தள்ளாடுகிறார், சூழ்ந்து நெருக்கும் காவலர்களிடமிருந்து திமிறுகிறார். வெற்றிக் களிப்பு அந்த முகத்தில் துளியும் இல்லை.