மிட்சுசானேவை மன்னிக்க முடியவில்லை என்றால்

அலைவரிசை நண்பரே, 'காமென் ரைடர் கைம்' என்ற ஜப்பானியச் சாகசத் தொலைக்காட்சித் தொடரை, மிட்சுசானே நண்பன் கௌட்டாவுக்கே எதிராகத் திரும்பும் இடத்தில் நிறுத்திவிட்டதாகவும், உங்கள் நெருங்கிய தோழர் செய்தது நினைவுக்கு வந்ததாகவும் எழுதியிருக்கிறீர்கள். நிறுத்தியதில் தவறே இல்லை.

ஆனால் ஒன்று கவனியுங்கள். மிட்சுசானே வெறுப்பில் தொடங்கவில்லை. முதல் அத்தியாயத்தில் கௌட்டா வீழ்த்திய அரக்கன், உருமாறிப்போன தோழன் யூயாதான் என்பதை மறைப்பதில்தான் தொடங்குகிறான். 'தெரிந்தால் கௌட்டா உடைந்துபோவான்' என்ற அக்கறை அது. பிறகு அந்தப் பொய்யைக் காக்க இன்னொரு பொய். கடைசியில் அண்ணனின் கவசத்துக்குள் முகத்தை மறைத்துக்கொண்டு தாக்குகிறான். எனக்கு அந்தக் கவசம்தான் உறுத்தியது: சொந்த முகத்தோடு எதிரே நிற்கக்கூடத் தெம்பில்லாத தனிமை!

2013-14இல் வந்த இந்தத் தொடரில் 47 அத்தியாயங்கள். கடைசி அத்தியாயத்தையாவது பாருங்கள். எல்லாம் ஓய்ந்தபின், பழைய நண்பர்களோடு சேரக் கூசி ஒதுங்கி நிற்கிறான். அதற்குமேல் சொல்ல மாட்டேன்.

உங்கள் தோழர் விஷயம் வேறு. அவரை மன்னிக்கும்படி நான் சொல்லவில்லை. தனியாகப் பார்க்கக் கஷ்டமாக இருந்தால் எழுதுங்கள், நானும் மறுபடி பார்க்கிறேன்.