வண்டியிலிருந்து இறங்காதீர்கள்

சென்ற இதழில், அமெரிக்காவின் வயோமிங் மாநிலத்து ஜாக்சன் ஊரில், பனிக்காலத்தில் எல்க் மான் கூட்டத்துக்கு நடுவே குதிரை இழுக்கும் சறுக்கு வண்டியில் போனதைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். வந்திருக்கும் கேள்விகளைப் பார்த்தால் பாதிப் பேர் பெட்டி கட்டவே ஆரம்பித்துவிட்டார்கள் போலிருக்கிறது. இந்த முறை பக்கம் முழுவதும் அவர்களுக்கே.

கேள்வி: சால்ட் லேக் சிட்டியில் மகன் வீட்டுக்கு ஜனவரியில் போகிறோம். ஜாக்சனுக்கு ஒரே ஒரு நாள் ஒதுக்க முடியும். காலையில் விலங்குகள், மதியம் சறுக்கு வண்டி, மாலையில் யெல்லோஸ்டோன் வெந்நீர் ஊற்று என்று திட்டம் போட்டிருக்கிறான் மகன். சரிவருமா?

மகனிடம் என் அன்பைச் சொல்லிவிட்டு, மூன்றாவதை அடித்துவிடச் சொல்லுங்கள். வரைபடத்தில் யெல்லோஸ்டோன் தேசியப் பூங்காவின் தெற்கு வாசல் ஜாக்சனுக்குப் பக்கம்போலத்தான் தெரியும். சுமார் 90 கிலோமீட்டர். ஆனால் பனிக்காலத்தில் அந்த வாசலுக்கு மேல் கார் போகாது. சங்கிலிச் சக்கரமோ பெரிய டயரோ பூட்டிய பனி வாகனத்தில்தான் உள்ளே கூட்டிப் போவார்கள். போய்வரவே ஒரு முழு நாள் ஆகும்.

அதோடு, சால்ட் லேக் சிட்டியிலிருந்து ஜாக்சன் நல்ல சாலையிலேயே ஐந்து மணி நேரம். விடியற்காலை கிளம்பி அன்றே திரும்புவது என்றால், நீங்கள் பார்க்கப்போவது மான் இல்லை, கார் கண்ணாடியைத் துடைக்கும் வைப்பர். முதல் நாள் மாலையே போய் ஜாக்சனில் தங்குங்கள். மறுநாள் விடிந்ததும் வழிகாட்டியோடு நாலு மணி நேரம் கிராண்ட் டீட்டன் தேசியப் பூங்கா ஓரமாகச் சுற்றல், மதியம் ஒரு மணி நேரம் சறுக்கு வண்டி. ஒரு நாளுக்கு இது போதும், வயிறு நிறைந்துவிடும். வண்டிகள் டிசம்பர் நடுவிலிருந்து ஏப்ரல் தொடக்கம்வரை ஓடும். கிறிஸ்துமஸ் அன்று மட்டும் விடுமுறை. டிக்கெட்டை முன்பதிவு செய்துவிடுங்கள்.

கேள்வி: எனக்கு 68 வயது. சேலை தவிர வேறு உடுத்தியதில்லை. இந்தக் குளிரில் என் கதி என்ன?

அம்மா, நானும் முதல் தடவை சேலையில்தான் போனேன். மேலே மகளின் கோட்டு, காலில் அவளுடைய பூட்ஸ். பூட்ஸ் கொஞ்சம் பெரிதாக இருந்ததால் உள்ளே மூன்று ஜோடி காலுறை திணித்துக்கொண்டேன். அங்கேதான் தப்புச் செய்தேன். காலுறை கூடக்கூடக் கதகதப்பு கூடும் என்று நினைக்கிறோம். பூட்ஸ் இறுகிவிட்டால் ரத்த ஓட்டம் குறைந்து விரல்தான் முதலில் விறைக்கும். வண்டி ஏறிய கால் மணி நேரத்தில் என் கால் விரல்கள் எனக்குச் சொந்தமானவையாகவே தோன்றவில்லை. கம்பளி நூலில் ஒரே ஒரு கனமான காலுறை, விரலை உள்ளே அசைக்க இடமுள்ள பூட்ஸ், அவ்வளவுதான்.

சேலையை விட வேண்டியதில்லை. அடியில் உடலோடு ஒட்டிய தெர்மல் கால்சட்டையும் மேல்சட்டையும் போட்டுக்கொண்டால் அதன்மேல் எதை உடுத்தினாலும் குளிருக்குக் கவலையில்லை. பருத்தியை மட்டும் தோலோடு சேர்க்காதீர்கள். வியர்வையைக் குடித்துவிட்டு ஈரத் துணியாக உட்கார்ந்திருக்கும். ஜாக்சன் ஏறக்குறைய 1,900 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. ஜனவரிக் காலையில் மைனஸ் 15 டிகிரி என்பது அங்கே செய்தியே இல்லை. வண்டி திறந்த வண்டி. போர்வை தருவார்கள், கூச்சப்படாமல் இரண்டாகக் கேளுங்கள்.

கைப்பேசியை உள்பையில், உடம்போடு சேர்த்து வையுங்கள். என்னுடையது பாதி சார்ஜ் இருக்கும்போதே குளிரில் அணைந்துபோனது, அதுவும் ஒரு பெரிய ஆண் மான் என்னைத் திரும்பிப் பார்த்த நேரத்தில்.

கேள்வி: வண்டியை இழுப்பது கலைமானா? (கேட்கச் சொன்னது என் பேரன், வயது 6)

குதிரை, தம்பி. பாரம் இழுக்கும் கனத்த குதிரைகள், ஜோடியாக. கலைமான் கிறிஸ்துமஸ் தாத்தாவிடம் மட்டும்தான்.

பெரியவர்களுக்கும் ஒரு வார்த்தை. ஐரோப்பாவில் ‘எல்க்’ என்றால் மூஸ் என்னும் தொங்கு மூக்குப் பெரிய மானைச் சொல்வார்கள். அமெரிக்காவில் எல்க் வேறு, மூஸ் வேறு. இந்த எல்க்குக்கு ‘வாபிட்டி’ என்றும் பெயர் உண்டு. ஷானி பழங்குடியினரின் சொல். வெண்பிட்டம் என்று பொருள். கூட்டம் திரும்பி நடக்கும்போது பார்த்தால் இதைவிடச் சரியான பெயர் வைக்க முடியாது என்று தோன்றும்.

கேள்வி: புகழ்பெற்ற கரடி 399-ஐப் பார்க்க முடியுமா?

முடியாது. பனிக்காலத்தில் கரடிகள் குகைக்குள் உறங்கும். அதோடு 399 (ஆய்வாளர்கள் அந்தக் கரடிக்கு வைத்த எண்) இப்போது இல்லை. 2024 அக்டோபரில் ஜாக்சனுக்குத் தெற்கே நெடுஞ்சாலையில் வாகனம் மோதி இறந்தது. வயது 28.

கேள்வி: அந்த மான்களுக்கு மனிதர்கள் தீவனம் போடுகிறார்களாமே? அப்படியானால் அது மிருகக்காட்சி சாலைதானே, இதற்கு எதற்கு இத்தனை ஆர்ப்பாட்டம்?

கொஞ்சம் குத்தலான கேள்வி, எனக்குப் பிடித்திருக்கிறது. தீவனம் போடுவது உண்மை. ஏன் போட ஆரம்பித்தார்கள் என்பதையும் கேட்டால்தான் நியாயம்.

கோடையில் உயர்ந்த மலைகளில் மேயும் மான்கள் பனி விழுந்ததும் பள்ளத்தாக்குக்கு இறங்கும். இது யாரும் சொல்லிக்கொடுத்து வந்த பழக்கமில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியில் அந்தப் பள்ளத்தாக்கில் மனிதர்கள் குடியேறி, வேலி போட்டு, மாட்டுப் பண்ணை வைத்தார்கள். மான் காலங்காலமாக இறங்கிய இடத்தில் ஊர் வந்து உட்கார்ந்துகொண்டது. 1908 முதல் 1911 வரை பனி கடுமையாக இருந்த ஆண்டுகளில் ஆயிரக்கணக்கான மான்கள் பட்டினியால் செத்தன. பசித்தவை பண்ணைக்காரர்களின் வைக்கோல் போரில் வாய் வைத்தன. ஸ்டீஃபன் லீக் என்ற பண்ணைக்காரர் செத்தும் சாகாமலும் கிடந்த மான்களைப் படமெடுத்து ஊர் ஊராகக் காட்டினார். நாடு திரும்பிப் பார்த்தது. 1912-இல் அரசு அங்கே தேசிய எல்க் சரணாலயத்தை அமைத்தது. இன்று அது சுமார் 10,000 ஹெக்டேர். ஆயிரக்கணக்கான மான்கள் பனிக்காலத்தை அங்கே கழிக்கின்றன.

மேற்கே நெடுஞ்சாலையை ஒட்டி உயரமான வேலி இருக்கிறது. மான்களைக் கூண்டில் அடைக்க அல்ல, காரில் மோதிச் சாகாமலும் ஊருக்குள் வராமலும் தடுக்க. மலைப்பக்கம் திறந்தே கிடக்கிறது. வசந்தம் வந்தால் அவை பாட்டுக்குக் கிளம்பிப் போய்விடும். எந்த மிருகக்காட்சி சாலையில் இது நடக்கும்?

ஆனால் தீவனத்தில் ஒரு வில்லங்கம் உண்டு. குதிரைமசால் தழையை அரைத்துக் குளிகையாக்கி வரிசையாகக் கொட்டுவார்கள். மான்கள் தோளோடு தோள் உரசி நிற்கும். ஒன்றுக்கு நோய் வந்தால் பக்கத்தில் நிற்பவற்றுக்கும் பரவ அதைவிட வசதி வேண்டாம். மான்களின் மூளையை அரிக்கும் ஒரு நோய் இருக்கிறது. கிருமியால் அல்ல, உருக்கெட்ட ஒருவகைப் புரதத்தால் வருவது. மருந்து கிடையாது, அந்தப் புரதம் மண்ணில் விழுந்தால் ஆண்டுக்கணக்கில் அழியாமல் இருக்கும். 2020-இல் கிராண்ட் டீட்டன் பூங்காவில் ஒரு எல்க்கிடம் இது கண்டறியப்பட்டது. தீவனத்தை நிறுத்தினால் இந்தப் பனிக்காலத்தில் பல மான்கள் சாகும், தொடர்ந்தால் வரும் காலத்தில் மொத்தமும் நோயில் விழலாம். வழக்கு, வாக்குவாதம் என்று இழுபறி நடக்கிறது. என்னைக் கேட்டால், படிப்படியாகக் குறைக்கத்தான் வேண்டும் என்பேன். ஆனால் பசித்த மான் எதிரே நிற்கும்போது அதைச் சொல்லும் தைரியம் எனக்கு வருமா என்பது வேறு விஷயம்.

இதையெல்லாம் தெரிந்துகொண்டு வண்டியில் ஏறிப் பாருங்கள். பனியில் சறுக்குக் கட்டைகள் உரசும் மெல்லிய சத்தம், குதிரைச் சேணத்தின் கிலுங்கல், வேறு எதுவும் இல்லை. வண்டி நின்றபோது இருபதடி தூரத்தில் ஒரு கிழட்டு ஆண் மான் படுத்து அசை போட்டுக்கொண்டிருந்தது. முதல்நாள் விழுந்த பனி அதன் முதுகில் அப்படியே இருந்தது, உருகவில்லை. உடம்புச் சூட்டை வெளியே விடாத அளவுக்கு அடர்ந்த குளிர்கால ரோமம். கொஞ்சம் தள்ளி இரண்டு இளவட்டங்கள் கொம்போடு கொம்பைக் கோத்துத் தள்ளிக்கொண்டிருந்தன. சண்டை இல்லை, பழக்கம். சிலம்பாட்டக் களத்தில் கேட்குமே, கம்போடு கம்பு மோதும் சத்தம், அதுதான்.

குதிரையும் வண்டியும் அவற்றுக்குத் தினமும் பார்த்துப் பழகியவை, அதனால் பயமில்லை. வண்டியை விட்டு ஒரு மனித உருவம் தனியாக இறங்கினால் அந்த அமைதி போய்விடும். ‘எழுந்து நிற்காதீர்கள், இறங்காதீர்கள்’ என்று வண்டிக்காரர் சொல்வது வெறும் விதிக்காக அல்ல. பனிக்காலத்தில் மான் ஓடும் ஒவ்வோர் ஓட்டமும் அது கோடையில் சேர்த்துவைத்த கொழுப்பிலிருந்து செலவாகிறது.

கேள்வி: வழிகாட்டி நிறுவனங்கள் ஏராளம். எப்படித் தேர்ந்தெடுப்பது?

எத்தனை இடம் காட்டுவீர்கள் என்று கேட்காதீர்கள். எவ்வளவு நேரம் ஒரே இடத்தில் நிற்பீர்கள் என்று கேளுங்கள். முதல் ஆண்டு என்னை அழைத்துப் போனவர் நாலு மணி நேரத்தில் ஆறு இடம் காட்டினார். ஒவ்வொன்றிலும் கதவைத் திற, படம் எடு, கதவை மூடு. மூஸ் ஒன்று சாலையோரம் புதர் மேய்ந்துகொண்டிருந்தது. அது காதைப் பின்னுக்கு மடிக்கும்வரை வண்டியைக் கிட்டக் கொண்டுபோனார். மூஸ் காதை மடித்தால் ‘போதும்’ என்று அர்த்தம்.

அடுத்த ஆண்டு வந்த பெண்மணி நேர் எதிர். தொலைநோக்கியை முக்காலியில் மாட்டிவிட்டு ஒரே மேட்டருகில் ஒரு மணி நேரம் நின்றார். அலுப்பாகத்தான் இருந்தது. பிறகு ஒரு கயோட்டி, நரியின் பெரியண்ணன் மாதிரி, வந்து நின்றது. தலையைச் சாய்த்தது, பனிக்கு அடியில் எதையோ கேட்டது. நாலு காலும் தரையை விட்டு எழும்ப, மூக்கு முதலில் பனிக்குள் பாய்ந்தது. வாலும் பின்னங்கால்களும் மட்டும் வெளியே. எழுந்தபோது வாயில் ஒரு குட்டி எலி. அந்த ஆறு இடமும் எனக்கு மறந்துவிட்டன.

பூங்காவில் தொழில் செய்ய அனுமதி வாங்கியவர்களா என்று கேட்டுவிடுங்கள். ஓநாய், கரடிக்கு 91 மீட்டர், மற்ற விலங்குகளுக்கு 23 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்பது பூங்கா விதி. அதை அவர்களாகவே முதலில் சொன்னால் நல்ல ஆள் என்று நம்பலாம். ஃபிளாட் கிரீக் ஓடையில் எக்காள அன்னங்களையும் காட்டச் சொல்லுங்கள். 1930-களில் அலாஸ்கா நீங்கலான அமெரிக்காவில் எழுபதுகூட மிஞ்சாத பறவை அது.

கேள்வி: வாடகைக் காரில் நாங்களே சுற்றினால் என்ன?

சுற்றலாம். பூங்காவின் உள்சாலையில் ஒரு நீண்ட பகுதி நவம்பர் முதல் ஏப்ரல்வரை மூடியிருக்கும், அதை மனத்தில் வையுங்கள். சரணாலயச் சாலையில் மலையாடுகள் கூட்டமாக இறங்கி நிற்கும். பனி உருகச் சாலையில் தூவும் உப்பு கார்மீது படிந்திருக்கும், அதை நக்க வரும். பாவமாக இருக்கிறது என்று நிறுத்தாதீர்கள். ஒரே காரை இருபது ஆடு நக்கினால் ஒன்றின் நோய் எல்லாவற்றுக்கும் தொற்றும். மெதுவாக நகர்ந்துகொண்டே இருங்கள்.

கேள்வி: உதிர்ந்து கிடக்கும் கொம்பு ஒன்றை நினைவுக்கு எடுத்து வரலாமா?

கூடாது, குற்றம். மார்ச், ஏப்ரலில் ஆண் மான்கள் கொம்பை உதிர்க்கும். சரணாலயத்தில் அதைப் பொறுக்கும் உரிமை உள்ளூர்ச் சாரணச் சிறுவர்களுக்கு. மே மாதம் ஊர்ச் சதுக்கத்தில் ஏலம் விட்டு, பணத்தின் பெரும்பங்கைச் சரணாலயத்துக்கே கொடுக்கிறார்கள். அந்தச் சதுக்கத்தின் நாலு மூலையிலும் கொம்புகளாலேயே கட்டிய வளைவுகள் இருக்கின்றன. அடியில் நின்று படம் எடுத்துக்கொள்ளுங்கள். நான் ஒரு கடையில் கொம்பைச் சீவிச் செய்த கோட்டுப் பொத்தான் நாலு வாங்கினேன். மகளின் கோட்டில் ஒன்று அறுந்துபோயிருந்தது, தொலைத்தது நான்தான்.