கடலில் இறங்கியவர்

கேள்வி: கதாநாயகியாக வந்த வடிவுக்கரசி பிறகு மனைவி, பாட்டி, அம்மா, கடைசியில் டி.வி. தொடர் என்று இறங்கிவிட்டது ஏன்? (ஒரு வாசகர், தண்டையார்பேட்டை)

பதில்: தண்டையார்பேட்டையில் இருந்துகொண்டு இந்தச் சொல்லையா எழுதினீர்கள்? காசிமேடு உங்களுக்குக் கூப்பிடு தூரம். அங்கே ஒருவர் கடலில் இறங்கிவிட்டார் என்றால் தொழிலுக்குப் போய்விட்டார் என்று பொருள். இறங்காமல் கரையில் உட்கார்ந்திருப்பவரைப் பார்த்துத்தான் வீட்டில் கவலைப்படுவார்கள். அந்தப் பொருளில் நானும் ஒப்புக்கொள்கிறேன். வடிவுக்கரசி 1978இல் 'சிகப்பு ரோஜாக்க'ளில் இறங்கினார். இன்னும் கரை திரும்பவில்லை.

அடுத்த ஆண்டே 'கன்னிப் பருவத்திலே' நாயகி. 1985இல் 'முதல் மரியாதை'. முப்பதைத் தொடாத பெண், 1928இல் பிறந்த சிவாஜிக்கு மனைவியானார். வாயைத் திறந்தால் வசவு கொட்டும் அந்தப் பொன்னாத்தாவைப் பார்த்துவிட்டு வந்த என் அத்தை, மூன்று நாள் அவளைத் திட்டிக்கொண்டே மீன் ஆய்ந்தார். சங்கராவின் செதில் சுவரெல்லாம் தெறித்தது. (அகஸ்தியா தியேட்டர் அப்போது இருந்தது. 2020இல் மூடிவிட்டார்கள், அந்த வயிற்றெரிச்சல் எனக்கு ஆறவில்லை.) திரையில் கண்ட ஒருத்தியை அடுத்த வீட்டுக்காரியைப் போல வெறுக்க வைத்தாரே, அதற்கு மேல் ஒரு நடிகை எங்கே ஏற வேண்டும்?

1997இல் 'அருணாச்சலம்': ரஜினிக்குப் பாட்டி. வயதில் ரஜினியைவிட இளையவர் அவர். கூன் விழுந்த முதுகோடு படம் முழுக்க மிரட்டினார். 2007இல் 'சிவாஜி': அதே ரஜினிக்கு அம்மா. பத்து வருடத்தில் பேரன் மகனாகிவிட்டார்! நாயகன் மட்டும் இரண்டிலும் நாயகன்தான். இறங்குவது வேறு, இறக்கிவிடுவது வேறு. நாற்பது வயதுப் பெண்ணுக்கு ஒரு நாயகிக் கதை எழுதத் தெரியாதவர்களிடம் உங்கள் கேள்வியை அனுப்புங்கள்.

டி.வி. தொடரில் நடிப்பதெல்லாம் நடிப்பா என்று கேட்ட ஒரு விமர்சகரோடு இதே பக்கத்தில் முன்பு மல்லுக்கட்டியிருக்கிறேன். மறுபடியும் சொல்கிறேன். தினமும் ஒளிபரப்பு, வசனம் மனப்பாடம் செய்ய நேரம் கிடையாது. கேமராவுக்கு வெளியே உதவி இயக்குநர் வரிவரியாக வாசிப்பார். அதைக் காதில் வாங்கியபடியே எதிரில் இருப்பவரின் கண்ணைவிட்டுப் பார்வை நகராமல் பேச வேண்டும், குரல் உடைய வேண்டும், சரியான சொல்லில் கண்ணீர் வர வேண்டும். 'திருமதி செல்வம்' தொடரில் அதை வருடக்கணக்காகச் செய்தவர் வடிவுக்கரசி.

ஞாயிற்றுக்கிழமை விடியலில் காசிமேட்டு ஏலத்துக்குப் போய்ப் பாருங்கள். எழுபதைத் தாண்டிய அம்மாக்கள் ஈரக் கூடையை இடுப்பில் அணைத்துக்கொண்டு, ஏலக்காரரின் குரலுக்கு மேல் தங்கள் விலையைச் சொல்லிக்கொண்டிருப்பார்கள். ஏன் இன்னும் கூடை தூக்குகிறீர்கள் என்று அவர்களிடம் கேட்க உங்களுக்கு வாய் வராது. வடிவுக்கரசியிடமும் வரக்கூடாது.