கற்கால மனிதரைப் படிக்க ஆசைப்படும் மகள்: தூத்துக்குடி அம்மாவுக்கு ஒரு பதில்

அன்புள்ள அம்மா, வணக்கம்.

உங்கள் கடிதத்தை நிதானமாகப் படித்தேன். ப்ளஸ் டூவில் கணிதமும் உயிரியலும் எடுத்து நன்றாகப் படிக்கிற பெண், திடீரென்று "ஆதிமனிதனைப் பற்றித்தான் படிப்பேன்" என்று நிற்கிறாள். சாயர்புரம் பக்கம் ஆச்சி வீட்டுக்குப் போகும்போதெல்லாம் தேரிக்காட்டில் சின்னக் கற்களைப் பொறுக்கி பிஸ்கட் டப்பாவில் சேர்த்து வைத்திருக்கிறாள். அவள் அப்பாவோ "இன்ஜினியரிங் இல்லாவிட்டால் பி.காம்., இந்தக் கல் பொறுக்குகிற வேலை சோறு போடாது" என்கிறார். நடுவில் நீங்கள் தவிக்கிறீர்கள்.

முதலில் அந்த டப்பாவைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அதில் விஷயம் இருக்கிறது. தாமிரபரணியைச் சுற்றியுள்ள செம்மணல் தேரிகளில் கிடைக்கும் நுண்கற்கருவிகள், அதாவது கற்கால மனிதர் செய்த மிகச் சிறிய கல் கருவிகள், உலக அளவில் தெரிந்தவை. ஸாய்னர், பிரிட்ஜெட் ஆல்ச்சின் என்ற இரு ஆய்வாளர்கள் 1956-லேயே அவற்றைப் பற்றிக் கட்டுரை எழுதியிருக்கிறார்கள். உங்கள் மகள் பொறுக்கியவற்றில் நாலைந்து உண்மையிலேயே மனிதக் கை பட்டவையாக இருக்கலாம். ஆனால் இனிமேல் ஒரு கல்லைக்கூட எடுக்க வேண்டாம் என்று சொல்லுங்கள். எடுத்த இடம் தெரியாத கருவி ஆய்வுக்கு அநேகமாகப் பயன்படாது. பழம்பொருள்களுக்குச் சட்டமும் இருக்கிறது. கல் கிடந்த இடத்திலேயே, பக்கத்தில் ஒரு ஸ்கேலை வைத்துப் படம் எடுக்கட்டும். இடம், தேதி, கல் மணலின் மேல் கிடந்ததா, மழை அரித்த ஓடைக் கரையில் பாதி புதைந்து இருந்ததா என்று நோட்டில் எழுதட்டும். ஒரு வருடம் சலிக்காமல் இதைச் செய்தால், அவளுக்கு இருப்பது ஆசை மட்டும்தானா, இந்த வேலைக்கான பொறுமையும் இருக்கிறதா என்பது உங்களுக்கே தெரிந்துவிடும்.

இனி படிப்பு. தொல்லியல் என்றதும் கீழடியும் ஆதிச்சநல்லூரும்தான் எல்லோருக்கும் நினைவுக்கு வருகின்றன. அவை இரும்புக்காலம், அதற்குப் பிந்தைய எழுத்துக்காலம். பானை உண்டு, எழுத்துப் பொறிப்பு உண்டு, ஒப்பிட்டுப் பார்க்கச் சங்கப் பாட்டும் உண்டு. உங்கள் மகள் கேட்பது அதற்கும் பல்லாயிரம், பல லட்சம் ஆண்டுகள் முந்தைய உலகம். அங்கே பானையும் இல்லை, எழுத்தும் இல்லை. கல், எலும்பு, மண் இவை மூன்றும்தான் சாட்சி. அதனால் அந்தத் துறை வரலாற்றுப் பாடத்தைவிட அறிவியலுக்குத்தான் நெருக்கம். அவசரப்பட்டு பி.ஏ. வரலாற்றில் சேர்த்துவிடாதீர்கள் என்று நான் சொல்வதற்கு இதுதான் காரணம்.

திருவள்ளூர் மாவட்டத்தில் கொசஸ்தலையாற்றுப் பக்கம் அத்திரம்பாக்கம் என்று ஓர் ஊர். தொல்லியலாளர் சாந்தி பப்புவின் குழு அங்கே 1999-ல் அகழாய்வைத் தொடங்கியது. அங்கே கிடைத்த கைக்கோடரிகள் (கையில் பிடித்து வெட்டும் கல் கருவிகள்) குறைந்தது 10.7 லட்சம், சராசரியாக 15 லட்சம் ஆண்டுகள் பழமையானவை என்ற முடிவு 2011-ல் வெளியானது. அதே இடத்தில் அடுத்த கட்டக் கருவிமரபு சுமார் 3,85,000 ஆண்டுகளுக்கு முன்பே தொடங்கிவிட்டது என்ற முடிவு 2018-ல் வந்தது. இந்த ஆண்டுகளைக் கொஞ்சம் கவனியுங்கள். குழி தோண்டியதற்கும் உலகம் ஒப்புக்கொண்ட முடிவுக்கும் நடுவே பன்னிரண்டு ஆண்டுகள்.

அந்த வயதைக் கணித்த விதம்தான் உங்கள் மகள் கல்லூரியில் என்ன படிக்க வேண்டும் என்பதற்கான பதில். பலரும் நினைப்பதுபோல் கார்பன் சோதனை இங்கே உதவாது. அது ஏறக்குறைய 50,000 ஆண்டுகளோடு நின்றுவிடும். வெட்டவெளியில் கிடக்கும் குவார்ட்ஸ் கல்லில் விண்கதிர்கள் பட்டு அலுமினியம்-26, பெரிலியம்-10 என்ற, மெல்லச் சிதையும் அணு வகைகள் (ஐசோடோப்புகள்) உருவாகும். கல் மண்ணுக்குள் ஆழமாகப் புதைந்தபின் அவை ஒவ்வொன்றும் தன் தன் வேகத்தில் சிதையும். மீதமிருக்கும் விகிதத்தை அளந்து, புதைந்த காலத்தைக் கணிக்கிறார்கள். இன்னொரு முறை ஒளிர்வுக் காலக்கணிப்பு. மணல் கடைசியாக வெயிலைப் பார்த்தது எப்போது என்று அது சொல்லும். அதற்கு மாதிரி எடுப்பதைப் பார்த்தால் உங்களுக்கே வியப்பாக இருக்கும். குழியின் பக்கச் சுவரில் இரும்புக் குழாயை அடித்து இறக்கி, வெளிச்சம் படாமல் இரு பக்கமும் மூடி, கறுப்புத் துணியில் சுற்றிக் கொண்டுபோவார்கள். ஆய்வகத்தில் மங்கிய சிவப்பு விளக்கில்தான் திறப்பார்கள். ஒரு நொடி வெயில் பட்டால் அந்த மாதிரி வீண். இதற்கெல்லாம் இயற்பியலும் வேதியியலும் நிலவியலும் (ஜியாலஜி) வேண்டும். ப்ளஸ் டூவில் அவள் படித்த எதுவும் வீணாகப் போகவில்லை.

ஆகவே என் யோசனை: பி.எஸ்சி. நிலவியல். உங்கள் ஊர் வ.உ.சி. கல்லூரியிலேயே இருக்கிறது. வெளியூர் என்றால் திருச்சி நேஷனல் கல்லூரி, சென்னை மாநிலக் கல்லூரி. இடம் கிடைக்காவிட்டால் விலங்கியல் எடுக்கலாம். எலும்புகளைப் படிக்க அது உதவும். என்னைக் கேட்டால் நிலவியல்தான் முதல் தேர்வு.

இந்த இடத்தில் அவள் அப்பாவிடம் சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. 1863 மே மாதம் பல்லாவரத்தில் இந்தியாவின் முதல் பழைய கற்காலக் கருவியைக் கண்டெடுத்த ராபர்ட் புரூஸ் ஃபூட், இந்திய நிலவியல் ஆய்வுத் துறையில் வேலை பார்த்தவர். 1982-ல் நர்மதைக் கரை ஹத்னோராவில் ஆதிமனித மண்டையோட்டைக் கண்ட அருண் சொனாக்கியாவும் அதே துறை நிலவியலாளர். இந்த நாட்டில் கற்கால ஆராய்ச்சியின் வாசல் நிலவியல் வழியாகத்தான் திறந்தது. அதோடு, நாளைக்கு அவள் மனம் மாறினாலும் பட்டம் கைவிடாது. எம்.எஸ்சி. முடித்து யு.பி.எஸ்.சி. நடத்தும் புவி அறிவியலாளர் தேர்வில் தேறினால் அடிப்படைச் சம்பளமே 56,100 ரூபாய். நிலத்தடி நீர், கனிமம், எண்ணெய் நிறுவனங்கள் என்று வேறு கதவுகளும் உண்டு. அப்பாவிடம் இதை முதலில் சொல்லுங்கள், ஆதிமனிதனைப் பிறகு சொல்லுங்கள்.

பட்டம் முடிந்தபின் தொல்லியல் பக்கம் திரும்ப வழிகள் இருக்கின்றன. புணே டெக்கான் கல்லூரியில் எந்தப் பட்டம் பெற்றவரும் எம்.ஏ. தொல்லியலுக்கு விண்ணப்பிக்கலாம், கற்காலப் படிப்புக்கு நாட்டிலேயே பெயர்பெற்ற இடம் அது. பரோடா பல்கலைக்கழகமும் உண்டு. கிரேட்டர் நொய்டாவில் மத்திய தொல்லியல் துறையின் தீனதயாள் உபாத்யாயா நிறுவனம் இரண்டு ஆண்டு முதுநிலை டிப்ளமோ நடத்துகிறது. உதவித்தொகையும் தருவார்கள். அதற்குத் தகுதியாக வைத்திருக்கும் முதுகலைப் பாடங்களில் நிலவியலும் ஒன்று. ப்ளைஸ்டோசீன் காலம் (பனியுகங்கள் வந்துபோன காலம்) பற்றிய அறிவு வேண்டும் என்று தனியே குறித்திருப்பார்கள். தமிழ்நாடு தொல்லியல் துறையின் டிப்ளமோ தனி. வயது வரம்பு, மதிப்பெண் எல்லாம் அந்தந்த ஆண்டு அறிவிப்பைப் பார்த்துத்தான் முடிவு செய்ய வேண்டும். "ஆறு மாதத்தில் தொல்லியலாளர் ஆகலாம்" என்று விளம்பரம் செய்யும் தனியார் வகுப்புகளுக்குப் பணம் கட்டாதீர்கள்.

வருமானத்தில் உங்களிடம் எதையும் மறைக்க மாட்டேன். கற்கால ஆய்வுக்கென்று நிரந்தரப் பணியிடங்கள் மிகக் குறைவு. முனைவர் பட்டத்துக்கு நெட் தேர்வில் ஜே.ஆர்.எஃப். என்ற ஆராய்ச்சி உதவித்தொகை கிடைத்தால் மாதம் 37,000 ரூபாய். 2023 முதல் அதுதான் தொகை. கிடைக்காவிட்டால் திட்ட உதவியாளர் வேலை, ஓராண்டு ஒப்பந்தம், புதுப்பிப்பார்களா என்ற கவலை. முப்பது வயது வரை இப்படியே போகலாம். வீட்டில் கடன் இருக்கிறது, மூத்தவள் சம்பாதித்தால்தான் தம்பி படிப்பு என்ற நிலை இருந்தால், எம்.எஸ்சி. முடித்து வேலையில் சேர்ந்தபின் ஆராய்ச்சிக்குப் போகட்டும். அது தோல்வி இல்லை.

"பொம்பளப் பிள்ளையை எப்படிக் காட்டுக்கு அனுப்புவது" என்று கேட்டிருந்தீர்கள். அத்திரம்பாக்கத்தை உலகுக்குக் காட்டியவர் ஒரு பெண் என்பதை அவள் உங்களிடம் சொல்லியிருப்பாள். முகாம் கஷ்டமானதுதான். காலையில் வெயில் ஏறும் முன் குழிக்குள் இறங்கி, சிறு கொத்துக்கரண்டியும் தூரிகையும் வைத்து மெல்ல மெல்ல மண்ணைச் சுரண்டி, எடுத்த மண்ணைச் சல்லடையில் சலித்து, கிடைக்கும் ஒவ்வொரு கல் செதிலுக்கும் நீளம் அகலம் ஆழம் குறிக்க வேண்டும். பல நாள் ஒன்றும் கிடைக்காது. தங்குமிடம், கழிப்பறை, கூட வரும் பெண்கள் எத்தனை பேர், புகார் சொல்ல யார் என்று முகாமுக்கு முன்பே கேளுங்கள். அதைக் கேட்பது உங்கள் உரிமை. கேட்டால் முகம் சுளிக்கிற இடத்துக்கு அனுப்ப வேண்டாம்.

இந்த விடுமுறையில் இரண்டு காரியம் செய்யுங்கள். முதலாவது, சென்னைக்குப் போகும்போது எழும்பூர் அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போங்கள். ஃபூட்டின் சேகரிப்பு அங்கேதான் வந்து சேர்ந்தது. ஒரு நாள் கூடுதலாக இருந்தால் பூண்டியில் உள்ள தொல்பழங்கால அகழ்வைப்பகத்தையும் பார்க்கலாம். அவள் அப்பாவும் கூட வரட்டும். ஒரு குவார்ட்சைட் கைக்கோடரியின் இரு பக்கமும் சில்லு சில்லாகப் பெயர்த்து விளிம்பு கொண்டுவந்திருப்பதை அவரே உற்றுப் பார்க்கட்டும். இரண்டாவது, வ.உ.சி. கல்லூரி நிலவியல் துறையில் யாராவது ஓர் ஆசிரியரிடம், மகளின் நோட்டையும் படங்களையும் காட்டி அரைமணி நேரம் பேச அனுமதி கேளுங்கள். அந்த டப்பாவையும் எடுத்துப் போகட்டும். அந்தக் கற்களை யாரிடம் ஒப்படைப்பது என்பதையும் அவரிடமே கேட்கலாம்.

ப்ளஸ் டூ முடிவு வந்ததும் மதிப்பெண்களை எழுதுங்கள். விண்ணப்பத்தில் கல்லூரிகளை எந்த வரிசையில் போடுவது என்று அப்போது பேசுவோம்.