டோல்கேட்டும் விக்கெட் கீப்பரும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

நான் பொறியியல் மூன்றாம் ஆண்டு மாணவன். உங்கள் விளையாட்டுப் பத்திகளைப் பள்ளி நாளிலிருந்து படிக்கிறேன். அந்த ஆசையில் எங்கள் கல்லூரி இதழில், விடுதிகளுக்கு இடையே நடந்த கிரிக்கெட் இறுதி ஆட்டத்தைப் பற்றி நகைச்சுவையாக ஒரு பத்தி எழுதினேன். நாங்கள் 3 ரன்னில் தோற்ற ஆட்டம். பேட்டில் படாமல் கீப்பரைத் தாண்டிப் போகும் பந்துக்குக் கிடைக்கும் பை ரன்னாக மட்டும் 14 விட்டோம். "எங்கள் கீப்பரைவிட பைபாஸ் டோல்கேட் மேல், அங்கே வண்டி நின்றாவது போகும்" என்று எழுதினேன். "மெஸ் சோற்றில் வளர்த்த உடம்பு குனிய மறுத்துவிட்டது" என்றும் எழுதினேன். எல்லோரும் சிரித்தார்கள். யாரோ டோல்கேட் படத்தில் அவன் முகத்தை ஒட்டி வாட்ஸப்பில் பரப்பிவிட்டார்கள்.

அவன் என் ரூம்மேட். இரண்டு வாரமாக என்னோடு பேசவில்லை. இத்தனைக்கும் அன்று விரலில் டேப் சுற்றிக்கொண்டு ஆடினான். அரை இறுதியில் இரண்டு ஸ்டம்பிங் செய்ததும் அவன்தான். விளையாட்டை நகைச்சுவையாக எழுதுவதே தவறா? கருத்து என்று சொன்னால் யாராவது புண்படத்தானே செய்வார்கள்?

(பெயர் வேண்டாம்)

அன்புள்ள நண்பருக்கு,

நகைச்சுவையாக எழுதியதில் தவறில்லை. நீங்கள் குறிப்பிட்ட இரண்டு வரிகளில் ஒன்று எனக்குப் பிடித்திருக்கிறது. மற்றதை நீங்கள் எழுதியிருக்கக் கூடாது.

டோல்கேட் வரி ஆட்டத்திலிருந்து வந்தது. பந்து நிற்காமல் போனது, அதை மைதானமே பார்த்தது, நீங்கள் அதற்கு ஓர் உவமை பிடித்தீர்கள். உடம்பைப் பற்றிய வரி அப்படி வரவில்லை. அன்று அவர் ஒரு பந்தைக்கூட விடாமல் பிடித்திருந்தாலும் அதை எழுதியிருக்கலாம், உடம்பு அதே உடம்புதானே? ஆட்டத்தைப் பார்க்காதவனும் எழுதக்கூடிய கேலிக்கு விளையாட்டுப் பத்தியில் இடமில்லை. இத்தனை வருடமாக நான் கையில் வைத்திருக்கும் அளவுகோல் இது ஒன்றுதான். நிறம், உடம்பு, ஊர், சாதி, வீட்டுப் பெண்கள் என்று இன்று கேலி என்ற பெயரில் எழுதப்படுவதில் பெரும்பகுதி இந்த ஒரு கேள்வியிலேயே விழுந்துவிடும்.

விளையாட்டு எழுத்தில் வந்த கேலிகளில் மிக நீண்ட ஆயுள் கொண்டது, 1882 செப்டம்பர் 2 அன்று லண்டனில் 'ஸ்போர்ட்டிங் டைம்ஸ்' இதழில் வந்த ஒரு சிறு மரண அறிவிப்பு. எழுதியவர் ரெஜினால்ட் ஷெர்லி புரூக்ஸ். இங்கிலாந்து கிரிக்கெட் ஆகஸ்ட் 29 அன்று ஓவல் மைதானத்தில் காலமானது, நண்பர்களும் தெரிந்தவர்களும் ஆழ்ந்த துயரத்தில் இருக்கிறார்கள், உடல் தகனம் செய்யப்பட்டு அஸ்தி ஆஸ்திரேலியாவுக்கு எடுத்துச் செல்லப்படும் என்று சொன்னது அது. நம் தெருமுனையில் ஒட்டும் கண்ணீர் அஞ்சலி போஸ்டரின் வடிவம்தான். அஸ்தி என்றால் நமக்கு அதிசயமில்லை. ஆனால் அன்றைய இங்கிலாந்தில் பிணத்தை எரிக்கலாமா கூடாதா என்பதே பெரிய சண்டையாக இருந்தது. வோக்கிங் தகனக்கூடத்தில் முதல் தகனம் நடந்ததே 1885இல்தான். படித்தவர்களுக்கு அந்த ஒரு சொல்லே சுருக்கென்று தைத்திருக்கும்.

இந்த அறிவிப்புக்குப் பின்னால் இருக்கும் ஆட்டத்தைப் பாருங்கள். இங்கிலாந்துக்கு வேண்டியது வெறும் 85 ரன். டபிள்யூ.ஜி.கிரேஸ் ஆடிக்கொண்டிருந்தபோது 2 விக்கெட்டுக்கு 51 என்று கைக்கு எட்டிய வெற்றி. ஆனால் அன்று ஆஸ்திரேலியப் பந்து வீச்சாளர் ஸ்போஃபோர்த் கடும் கோபத்தில் பந்து வீசிக்கொண்டிருந்தார். ஆஸ்திரேலியா ஆடியபோது, ஓடி முடித்த பிறகு பிட்ச்சைத் தட்டிச் சரிசெய்யக் கிரீஸைவிட்டு வெளியே போன ஜோன்ஸ் என்ற இளைஞரை கிரேஸ் ரன் அவுட் செய்திருந்தார். அந்தக் கோபம். இரண்டு இன்னிங்ஸிலும் சேர்த்து ஸ்போஃபோர்த் 14 விக்கெட் எடுத்தார். கடைசியாக வந்த பீட், பேசாமல் கட்டை போட்டிருந்தால் போதும். எதிர்முனையில் நின்றவர் சி.டி.ஸ்டட், அந்தப் பருவத்தில் ஆஸ்திரேலியர்களுக்கு எதிராகவே சதம் அடித்தவர். பீட் சுற்றினார், பௌல்ட் ஆனார். ஸ்டட் ஒரு பந்துகூட ஆடாமல் திரும்பி நடந்தார். 77க்கு ஆல் அவுட், 7 ரன்னில் தோல்வி.

கேலி செய்ய இதைவிடத் தோதான ஆள் கிடைப்பாரா? பீட்டின் பெயரைப் போட்டு நாலு வரி எழுதியிருந்தால் லண்டனே சிரித்திருக்கும். மறு வாரம் மறந்தும் போயிருக்கும். புரூக்ஸின் அறிவிப்பில் ஒரு ஆட்டக்காரரின் பெயர்கூட இல்லை. செத்தது இங்கிலாந்து கிரிக்கெட், அதாவது எங்களை யார் ஜெயிக்க முடியும் என்றிருந்த அந்த இறுமாப்பு. பதினோரு பேரும் அதில் அடக்கம், பார்க்கப் போனவர்களும் அடக்கம், புரூக்ஸும் அடக்கம். அதனால்தான் அடிபட்டவர்களே அந்தக் கேலியைக் கையில் எடுத்துக்கொள்ள முடிந்தது. அந்தக் குளிர்காலத்தில் ஆஸ்திரேலியா போன இங்கிலாந்து கேப்டன் ஐவோ பிளை, அஸ்தியை மீட்டு வரப்போகிறேன் என்று சொல்லித்தான் அணியைக் கூட்டிப்போனார். அங்கே அவருக்குச் சில பெண்கள் ஒரு சின்னச் சாடியைப் பரிசாகக் கொடுத்தார்கள். நம் உள்ளங்கைக்குள் அடங்கும் அளவு, 11 சென்டிமீட்டர்கூட இருக்காது. அது இப்போது லார்ட்ஸ் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இரண்டு நாடுகள் இன்றுவரை ஆஷஸ், அதாவது அஸ்தி, என்று அடித்துக்கொள்வது அந்த மரண அறிவிப்பை வைத்துத்தான்.

சரி, கருத்து சொன்னால் யாராவது புண்படத்தானே செய்வார்கள் என்று கேட்டிருக்கிறீர்கள். ஆமாம், படுவார்கள். அதற்காகக் கருத்தை வழவழவென்று எழுத வேண்டியதில்லை. 1986இல் இங்கிலாந்து அணி ஆஸ்திரேலியாவில் பயிற்சி ஆட்டங்களிலேயே திணறிக்கொண்டிருந்தபோது, 'இண்டிபெண்டன்ட்' நாளிதழில் மார்ட்டின் ஜான்சன் எழுதினார்: இந்த அணியிடம் குறை மூன்றே மூன்றுதான், பேட்டிங் வராது, பௌலிங் வராது, ஃபீல்டிங் வராது. இதைவிடக் கடுமையாக ஒரு அணியைச் சொல்ல முடியாது. ஆனால் அது முழுக்க ஆட்டத்தைப் பற்றிய பேச்சு. ஆட்டத்தாலேயே பதில் சொல்லவும் முடியும். சொன்னார்கள். பிரிஸ்பேனில் முதல் டெஸ்ட்டை ஜெயித்தார்கள், தொடரை 2-1 என்று கைப்பற்றினார்கள். ஜான்சனும் ஒளிந்துகொள்ளவில்லை. வரி சரிதான், அணிதான் மாறிப்போனது என்று பிறகு அவரே சொல்லிவிட்டார். பதில் சொல்ல வழிவிட்டு அடிக்கும் அடி இது. உங்கள் ரூம்மேட் அடுத்த ஆட்டத்தில் ஐந்து கேட்ச் பிடித்து டோல்கேட் வரியைப் பொய்யாக்கலாம். உடம்பு வரிக்கு அவர் எந்த மைதானத்தில் போய்ப் பதில் சொல்வார்?

இதையெல்லாம் நான் முதலில் கற்றுக்கொண்டது ஆங்கிலப் பத்திரிகைகளிலிருந்து அல்ல. எங்கள் ஊரில் பொங்கலுக்கு நடக்கும் டோர்னமென்டில் மைக் பிடிக்கும் அண்ணன் ஒருவர் இருந்தார். பந்தலுக்குக் கீழே ஒரு மரப் பெஞ்ச், அதில் ஸ்கோர் நோட்டு, பக்கத்தில் சோடா பாட்டில். கபடியோ கிரிக்கெட்டோ, காலை எட்டு மணிக்குத் தொடங்கினால் விளக்கு போடும்வரை வாய் ஓயாது. ஒருமுறை பௌண்டரியில் நின்ற பையன் லட்டு மாதிரி வந்த கேட்சைக் கோட்டை விட்டான். "வந்த லட்சுமியை வாசலோடு அனுப்பிவைத்த நம்ம தம்பி" என்று மைக்கில் சொன்னார். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. இரண்டு ஓவர் கழித்து அதே பையன் ஓடிப்போய் ஒற்றைக் கையில் ஒன்றைப் பிடித்தான். அண்ணன் எழுந்து நின்றுவிட்டார். "லட்சுமி திரும்பி வந்துட்டா, அந்தத் தம்பிக்கு என் கைக்காசு ஐம்பது ரூபாய்!" பணத்தை நோட்டுக்குள்ளிருந்து எடுத்து, ஆளனுப்பாமல் தானே பௌண்டரிக்கு நடந்துபோய்க் கொடுத்தார். அந்த ஊரில் அவரிடம் கேலி வாங்காத ஆட்டக்காரன் கிடையாது, அவரோடு பேசாதவனும் கிடையாது. கேட்ச் விட்டதைப் பார்த்த அதே கண் கேட்ச் பிடித்ததையும் பார்க்கும் என்று எல்லோருக்கும் தெரியும்.

உங்கள் பத்தியில் விடுபட்டது அந்த இரண்டாவது பார்வை. 1999 ஜனவரியில் சேப்பாக்கத்தில் பாகிஸ்தானோடு நடந்த டெஸ்ட்டைப் பற்றி உங்கள் அப்பாவிடம் கேட்டுப்பாருங்கள். ஜெயிக்க 271 வேண்டும். சச்சின் 136 அடித்து ஆட்டமிழந்தபோது இன்னும் 17 ரன்தான் பாக்கி. அதன்பின் நாலு ரன்னுக்குள் மிச்ச மூன்று விக்கெட்டும் சரிந்து, 12 ரன்னில் தோற்றோம். கடைசி நேரத்தில் சச்சின் கைவிட்டுவிட்டார் என்று ஸ்கோரைப் பார்த்தவர்கள் கேலி செய்தார்கள். ஆட்டத்தைப் பார்த்தவர்களுக்கு அவர் ஒவ்வொரு ஷாட்டுக்குப் பிறகும் முதுகைப் பிடித்துக்கொண்டு நின்றது தெரியும். ஜெயித்த பாகிஸ்தான் அணிக்கு எழுந்து நின்று கைதட்டிய கூட்டம் அந்த மொத்த ஆட்டத்தையும் பார்த்த கூட்டம். அந்தக் கைதட்டல் நம் ஊர்க்காரர்கள் செய்தது என்பதில் எனக்கு இன்றும் பெருமை.

விரலில் டேப், அரை இறுதியில் இரண்டு ஸ்டம்பிங். இதையெல்லாம் எனக்கு எழுதிய கடிதத்தில் சொல்லியிருக்கிறீர்கள். அவரைப் பற்றிய பத்தியில் சொல்லவில்லை. டேப் சுற்றிய விரலோடு கிளவுஸுக்குள் கையை நுழைத்து, எல்லாப் பந்துக்கும் குனிந்து எழுந்த ஒருவர் 14 பை விட்டார் என்று எழுதியிருந்தால், டோல்கேட் வரியையும் அதே பத்தியில் வைத்திருக்கலாம். அவரும் சேர்ந்து சிரித்திருப்பார் என்றே நினைக்கிறேன்.

வாட்ஸப் படம் நீங்கள் செய்ததல்ல. ஆனால் அதை நிறுத்தச் சொல்ல வேண்டியவர் நீங்கள்தான், குழுவில் எல்லோர் முன்னாலும் சொல்லுங்கள். உடம்பைப் பற்றிய வரிக்கு அடுத்த இதழிலேயே, அதே பக்கத்தில், உங்கள் பெயரைப் போட்டு மன்னிப்புக் கேளுங்கள். அறையில் தனியாகக் கேட்பது போதாது, எழுதியதை எல்லோரும் படித்திருக்கிறார்கள்.

அப்புறம் அவர் பேசத் தொடங்கியதும், அந்த 14 ரன்னும் எப்படிப் போனது என்று கேளுங்கள். எந்த பௌலர், பந்து எங்கே குத்தி எந்தப் பக்கம் திரும்பியது, எந்த விரல். கையில் ஒரு நோட்டு இருக்கட்டும்.

அன்புடன்.