துறவிக்கு ஊர்வேலை எதற்கு?

கேள்வி: கத்தோலிக்கத் துறவிகளின் பெனடிக்ட் சபையைச் சேர்ந்த ஒருவர் கூட்டம், சமூகப் பணி என்று அலைந்தால் தியானம் என்னாவது?
– வாசகி, அல்சூர், பெங்களூரு

பதில்: இந்தச் சபை பின்பற்றும், 6-ஆம் நூற்றாண்டில் புனித பெனடிக்ட் எழுதிய ஒழுங்குநூலே துறவி வெளியே போவதை எதிர்பார்க்கிறது. அதிகாரங்கள் மொத்தம் 73. வெளியில் இருப்பவர் செப நேரம் வந்தால் இருந்த இடத்திலேயே செபிக்க வேண்டும் என்கிறது 50-ஆவது. திரும்பியதும் கண்டது கேட்டதை மடத்தில் அளக்கக் கூடாது என்கிறது 67-ஆவது, கஷ்டமானது இதுதான்!

ஊர்வேலை கூடினால் முதலில் அடிபடுவது திருப்பாடல் செபம் (விவிலியத்தின் சங்கீதங்களை எல்லோரும் கூடிச் செபிப்பது) அல்ல. அதற்கு மணி அடிக்கும், வராதவர் இடம் காலியாகத் தெரியும். தனியே உட்கார்ந்து மறைநூலை மெதுவாக வாசிக்கும் நேரம்தான் சத்தமில்லாமல் கரையும். அதனால்தான் வாசிப்பு வேளையில் மூத்தவர் ஓரிருவர் சுற்றிவந்து பார்க்கும்படி 48-ஆவது சொல்கிறது.

நேரில் பார்க்க, பெங்களூரில் கெங்கேரி பக்கம் இந்தச் சபையின் ஆசீர்வனம் மடம் இருக்கிறது. முன்கூட்டியே கேட்டுவிட்டுப் போங்கள்.