தொழில்முறை பேஸ்பால் ஆட்டங்களை இணையத்தில் முழுமையாகப் பார்ப்பது எப்படி?

யூடியூபில் பேஸ்பால் என்று தேடினால் சில நிமிடத் துணுக்குகளே வந்து குவிகின்றன, முழு ஆட்டம் எங்கே கிடைக்கும், நேரலையாகப் பார்க்க வழி உண்டா என்பது கேள்வி. இந்த விளையாட்டைப் பல ஆண்டுகளாக இணையத்தின் வழியாக மட்டுமே பார்த்துவருகிறவன் என்ற முறையில் சொல்கிறேன்: தேடல் பெட்டியிலிருந்து தொடங்குவதைவிட, எந்த ஆட்டத்தின் ஒளிபரப்பு உரிமை யாரிடம் இருக்கிறது என்பதிலிருந்து தொடங்குவதே நல்லது. அது தெரிந்துவிட்டால் மீதி வேலை எளிது. தெரியாவிட்டால் எவ்வளவு தேடினாலும் துணுக்குகளும் போலிகளும்தான் கண்ணில் படும்.

அமெரிக்காவின் மேஜர் லீக் பேஸ்பாலை எடுத்துக்கொள்வோம். 30 அணிகள், அணிக்கு 162 ஆட்டங்கள் என ஒரு பருவத்தில் மொத்தம் 2,430 ஆட்டங்கள். மார்ச் இறுதியில் தொடங்கிச் செப்டம்பர் இறுதிவாக்கில் முடிந்துவிட வேண்டும் என்பதால், ஏறக்குறைய நாள்தோறும் பல நகரங்களில் ஒரே நேரத்தில் ஆட்டம் நடக்கும். இத்தனையையும் எந்தத் தொலைக்காட்சி நிறுவனமும் தனியாகக் காட்டிவிட முடியாது. அதனால் ஒவ்வோர் அணியின் ஆட்டங்களையும் அதன் வட்டாரத்துத் தொலைக்காட்சி காட்டுவதும், வாரத்தில் சில ஆட்டங்களை மட்டும் நாடு தழுவிய நிறுவனங்கள் வாங்கிக்கொள்வதும் நெடுங்கால வழக்கம். வட்டாரத்துக்கு வெளியே இருப்பவர்களுக்காக லீக்கே இணையத்தில் இறங்கியது. 2002 ஆகஸ்ட் 26 அன்று யாங்கீஸ் அணிக்கும் டெக்சஸ் ரேஞ்சர்ஸ் அணிக்கும் நடந்த ஆட்டத்தை அது இணையத்தில் நேரலையாகக் காட்டியபோது யூடியூப் என்ற ஒன்றே கிடையாது. அந்த முயற்சியிலிருந்து வளர்ந்ததுதான் எம்.எல்.பி. டி.வி. என்ற சந்தாச் சேவை. வழக்கமான பருவத்து ஆட்டங்களைத் தொடர்ந்து பார்க்க விரும்புகிறவர் முதலில் போக வேண்டிய இடம் அதுவே. சந்தா கட்டத் தயங்குகிறவர்களுக்காக நாளுக்கு ஓர் ஆட்டத்தைக் கட்டணமின்றித் திறந்துவிடும் வழக்கமும் அங்கே உண்டு. கணக்கு ஒன்றைத் தொடங்கி உள்நுழைந்தால் போதும்.

அந்தச் சேவையில் எனக்கு மிகவும் பிடித்தது, ஒரே ஆட்டத்துக்கு உள்ளூர் அணியின் ஒளிபரப்பையோ விருந்தினர் அணியின் ஒளிபரப்பையோ நாமே தேர்ந்துகொள்ள முடிவதுதான். இரண்டுக்கும் வர்ணனையாளர்கள் வேறு, கேமரா காட்டும் முகங்கள் வேறு, நடுவரின் ஒரு முடிவைப் பற்றிய கருத்தும் பெரும்பாலும் வேறு. காட்சியை அப்படியே வைத்துக்கொண்டு வானொலி வர்ணனையை அதன்மேல் ஓடவிடவும் வசதி உண்டு. விளையாட்டுக்குப் புதியவர்களுக்கு வானொலிக் குரலையே நான் பரிந்துரைப்பேன். கண்ணில்லாதவருக்குச் சொல்வதுபோல ஒவ்வொரு பந்தையும், எத்தனை பால் (அடிக்க வாகாக வராத வீச்சு), எத்தனை ஸ்ட்ரைக் (பேட்டருக்கு எதிராகக் கணக்காகும் வீச்சு), எந்த பேஸில் (ஓடுபவர் தொட வேண்டிய தளம்) யார் நிற்கிறார் என்பதையும் அவர்கள் சொல்லிக்கொண்டே போவதால், விதிகள் தாமாகவே மனத்தில் படிந்துவிடும்.

தொல்லை என்னவென்றால் பிளாக்அவுட். ஓர் அணியின் வட்டாரத்துக்குள் இருப்பவர் அந்த அணியின் ஆட்டத்தை லீக்கின் வெளியூர்ச் சந்தா வழியாக நேரலையில் பார்க்க முடியாது. உள்ளூர்த் தொலைக்காட்சியின் உரிமையைக் காப்பதற்காக வந்த விதி அது. இதன் விபரீதத்துக்கு எல்லோரும் காட்டும் எடுத்துக்காட்டு ஐயோவா மாநிலம். அங்கே மேஜர் லீக் அணி ஒன்றுகூடக் கிடையாது. ஆனால் சிகாகோவின் இரண்டு அணிகள், செயின்ட் லூயிஸ், கன்சஸ் சிட்டி, மில்வாக்கி, மினசோட்டா என ஆறு அணிகள் அந்த மாநிலத்தைத் தங்கள் வட்டாரமாகக் கணக்கில் வைத்திருந்தன. பணம் கட்டியவருக்கு அக்கம்பக்கத்து அணிகள் ஆறும் நேரலையில் கிடையாது என்பதை என்னவென்று சொல்வது! அமெரிக்காவுக்கும் கனடாவுக்கும் வெளியே இந்தச் சிக்கல் பெரும்பாலும் இல்லை. உள்ளே இருப்பவர்கள், தாங்கள் விரும்பும் அணி தங்கள் முகவரியில் தெரியுமா என்று சந்தா கட்டுவதற்கு முன்பே பார்த்துக்கொள்ள வேண்டும்.

இதற்கிடையே பெரிய தொழில்நுட்ப நிறுவனங்களும் சில ஆட்டங்களைத் தனியுரிமையாக வாங்கத் தொடங்கின. 2018இல் ஃபேஸ்புக் 25 ஆட்டங்களை வாங்கியது. 2019இல் யூடியூப் 13 ஆட்டங்களைத் தனியாகக் காட்டியது. 2022 முதல் ஆப்பிள் டி.வி. பிளஸ் வெள்ளிக்கிழமை இரவு ஆட்டங்களை எடுத்துக்கொண்டது. இப்படி வாங்கப்பட்ட ஆட்டம் வேறெங்கும் நேரலையில் வராது. 'என் அணியின் எல்லா ஆட்டங்களும் தெரிகின்றன, வெள்ளிக்கிழமை ஆட்டத்தை மட்டும் காணவில்லை' என்று ஒருவர் குழம்பினால் காரணம் பெரும்பாலும் இதுதான். இந்த ஒப்பந்தங்கள் சில ஆண்டுகளுக்கு ஒருமுறை கைமாறுவதால், பழைய வழிகாட்டிக் கட்டுரைகளை நம்ப வேண்டாம். லீக்கின் அட்டவணைப் பக்கத்தில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் எதிரே ஒளிபரப்புபவரின் பெயர் போட்டிருக்கும், அதை மட்டும் பாருங்கள்.

இனி யூடியூபுக்கு வருவோம். மேஜர் லீக்கின் அதிகாரபூர்வச் சேனலில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் சுருக்கக் காணொளி வந்துவிடுகிறது. தலைப்பில் இரு அணிகளின் பெயரும் அமெரிக்க முறைப்படி மாதத்தை முதலில் வைத்த தேதியும் இருக்கும். ஜூன் 13 ஆட்டத்தைத் தேடுகிறவர் 6/13 என்று தட்டச்சு செய்ய வேண்டும். 13/6 என்று தேடினால் வராது. இந்தச் சுருக்கங்களைப் பற்றி எனக்கு ஒரு மனக்குறை உண்டு. ஹோம் ரன்களும் ஓட்டங்களும் அவற்றில் இருக்கும். ஆனால் ஒரு பிட்சர், அதாவது பந்து வீசுபவர், ஆறு இன்னிங்ஸ் (இரு அணிகளும் ஒருமுறை பேட் செய்யும் சுற்று) முழுக்க எதிரணியை அடக்கி வைத்தது எப்படி, முதல் முறை வெளிப்புறமாக வந்த பந்தையே மூன்றாம் முறை எதிர்பார்த்து நின்ற பேட்டரை எதைக் காட்டி ஏமாற்றினார் என்பதெல்லாம் வெட்டப்பட்டிருக்கும். பேஸ்பாலின் சுவை பாதிக்கு மேல் அங்கேதான் இருக்கிறது. ஓட்டமே விழாத ஆட்டம் சுருக்கத்தில் வெறுமையாகத் தெரியும். முழுதாகப் பார்த்தால் மூச்சுவிட முடியாது. நேரம்தான் தடை என்றால், 2023இல் பந்து வீசுவதற்கு நேரக்கெடு வந்தபிறகு சராசரி ஆட்ட நேரம் மூன்று மணி நேரத்துக்குச் சற்று மேலே இருந்ததிலிருந்து ஏறக்குறைய இரண்டு மணி நாற்பது நிமிடத்துக்கு இறங்கிவிட்டது என்பதைச் சொல்ல வேண்டும்.

யூடியூபில் 'நேரலை' என்ற சிவப்புப் பட்டையோடு மேலே வந்து நிற்பவற்றில் பல, ஆட்டமே அல்ல. வீடியோ கேம் ஒன்றைக் கணினியே தனக்குத்தானே ஆடிக்கொள்ளும்படி ஓடவிட்டு, அன்றைய உண்மையான ஆட்டத்தின் தலைப்பைச் சூட்டி விடுகிறார்கள். ஒரு முறை அப்படி ஒன்றை நிதானமாகக் கவனித்தேன். மைதானத்துப் புல்லும் சீருடையும் அசலைப்போலவே இருந்தன. ஆனால் பார்வையாளர் வரிசையில் நான்கு பேர் ஒரே நொடியில் ஒரே விதமாக எழுந்து, ஒரே விதமாகக் கைதட்டி, ஒன்றாக உட்கார்ந்தார்கள். இத்தகைய காணொளிகளின் நோக்கம் அதன் கீழே உள்ள இணைப்பில்தான் இருக்கிறது. தெளிவான படத்துக்கு இங்கே சொடுக்குங்கள் என்று ஒரு பக்கத்துக்கு அழைத்துப்போய்க் கடனட்டை எண்ணைக் கேட்பார்கள். இலவசம் என்றவர் அட்டை எண்ணைக் கேட்டால் உடனே வெளியே வந்துவிடுங்கள். உண்மையான ஆட்டத்தையே திருட்டுத்தனமாகக் காட்டுகிறவர்களும் உண்டு; யூடியூபின் தானியங்கிக் கண்காணிப்பிலிருந்து தப்புவதற்காகப் படத்தை இடம்வலம் மாற்றியோ ஓரத்தை வெட்டியோ போடுவார்கள். வலக்கைப் பிட்சர் இடக்கையால் வீசுவதையும், சீருடையில் எழுத்துகள் இடவலம் மாறி ஓடுவதையும் பார்த்து எதைக் கற்றுக்கொள்வது? அதுவும் ஐந்தாவது இன்னிங்ஸ் நடக்கும்போது திடீரென்று நீக்கப்பட்டுவிடும்.

அமெரிக்காவோடு நின்றுவிட வேண்டியதில்லை. ஜப்பானின் தொழில்முறைப் போட்டியில் 12 அணிகள், இரண்டு லீக்குகள். இவற்றில் பசிபிக் லீக்கின் ஆறு அணிகளும் 2007இல் ஒரு கூட்டு நிறுவனத்தைத் தொடங்கி, தங்கள் ஆட்டங்களை இணையத்தில் ஒரே இடத்தில் கொடுத்துவருகின்றன. அவர்களுடைய யூடியூப் சேனலில் வரும் தொகுப்புகள் எனக்கு அமெரிக்கத் தொகுப்புகளைவிடச் சுவையானவை. ஃபீல்டர்களின் வீசுதலை மட்டும், ஒரு பிட்சரின் ஃபோர்க் பந்துகளை (பேட்டரை நெருங்கும்போது சட்டென்று கீழிறங்குபவை) மட்டும் என்று தனித்தனியாகக் கோத்துப் போடுவார்கள். சென்ட்ரல் லீக்கில் உள்ளூர் ஆட்டத்தின் உரிமை அந்தந்த அணியிடமே இருப்பதால் ஒரே இடத்தில் எல்லாம் கிடைப்பதில்லை. ஜப்பானிய, கொரிய அணிகளைத் தேடும்போது அந்த மொழியின் எழுத்திலேயே அணியின் பெயரை நகலெடுத்து ஒட்டித் தேடுங்கள். கிடைக்கும் பட்டியலே வேறாக இருக்கும். கொரிய லீக்கை உலகம் கவனித்தது 2020இல். நோய்த்தொற்றால் அமெரிக்கப் பருவம் தொடங்க முடியாமல் இருந்தபோது, மே 5 முதல் கொரிய ஆட்டங்களை அமெரிக்க விளையாட்டுத் தொலைக்காட்சியான ஈ.எஸ்.பி.என். காட்டியது. வர்ணனையாளர்கள் அவரவர் வீட்டில் உட்கார்ந்து பேசினார்கள். என்.சி. டைனோஸ் என்ற அணியின் பெயரில் உள்ள இரண்டு எழுத்துகளைத் தங்கள் மாநிலத்தின் சுருக்கமாகக் கொண்டு வட கரோலினா மக்கள் அதைத் தத்தெடுத்துக்கொண்டார்கள். அந்த ஆண்டின் கோப்பையும் டைனோஸுக்கே போனது.

பணம் செலவிடாமல் முழு ஆட்டம் பார்க்க நினைப்பவர்களுக்கு என் விடை பழைய ஆட்டங்கள். மேஜர் லீக்கின் சொந்தச் சேனல்களே, பருவத்தின் கோப்பையைத் தீர்மானிக்கும் இறுதித் தொடரான உலகத் தொடரின் (World Series) புகழ்பெற்ற ஆட்டங்கள் பலவற்றை முதல் பந்திலிருந்து கடைசிப் பந்துவரை ஏற்றியிருக்கின்றன. ஆண்டு, உலகத் தொடர், எத்தனையாவது ஆட்டம், 'ஃபுல் கேம்' என்ற நான்கையும் ஆங்கிலத்தில் சேர்த்துத் தேட வேண்டும். 1970களின் நடுப்பகுதிக்குப் பிந்தையவை பெரும்பாலும் முழுமையாக இருக்கின்றன. அதற்கு முந்தையவற்றில் பல அழிந்துவிட்டன, ஏனென்றால் தொலைக்காட்சி நிறுவனங்கள் ஒளிநாடாவை அழித்துவிட்டு வேறு நிகழ்ச்சியைப் பதிவுசெய்வது அன்றைய வழக்கம். பிட்ஸ்பர்க் அணி யாங்கீஸை 10-9 என்று வென்ற 1960 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டமும் போய்விட்டதாகவே நினைத்திருந்தார்கள். அணியின் பங்குதாரர்களில் ஒருவரான பாடகர் பிங் கிராஸ்பி, பதற்றம் தாங்காமல் பாரிஸுக்குப் போய்விட்டு, திரும்பி வந்து பார்ப்பதற்காகத் தொலைக்காட்சித் திரையிலிருந்து படமெடுத்து வைக்கச் சொல்லியிருந்த சுருள்கள் 2009இல் அவருடைய வீட்டு மதுப் பாதாள அறையில் கிடைத்தன. இன்று அந்த ஆட்டத்தின் முழுக் காட்சி உலகத்துக்கு இருப்பது அதனால்தான்.

எந்த ஆட்டத்தில் தொடங்கலாம் என்று கேட்டால், பிட்சிங்கின் அழகுக்கு 1991 உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம். ஒரே பிட்சர், ஜாக் மோரிஸ், பத்து இன்னிங்ஸும் வீசியது அது. திருப்பங்களுக்கு 2011 தொடரின் ஆறாவது ஆட்டம். அதன் முடிவை நான் சொல்லப் போவதில்லை.

முடிவு தெரியாமல் பார்ப்பதுதான் பதிவுகளில் பெரிய சவால். தலைப்பும், தம்ப்நெயிலில் கட்டிப்பிடித்துக் குதிக்கும் சீருடையின் நிறமும் காட்டிக்கொடுத்துவிடும். அவற்றிலிருந்து தப்பினாலும் காணொளியின் நீளம் இருக்கிறது. வழக்கமாகக் கடைசியான ஒன்பதாவது இன்னிங்ஸில், விருந்தினர் அணி பேட் செய்யும் முதல் பாதி முடியும்போது உள்ளூர் அணி முன்னிலையில் இருந்தால் அது மறுபடி பேட் செய்யாது. ஆட்டம் அங்கேயே முடிந்துவிடும். எனவே விருந்தினர் அணி ஓர் ஓட்டம் முன்னிலையில் இருக்க, கடைசிப் பாதியில் இரண்டு பேர் அவுட்டான நிலையில், கீழே உள்ள பட்டையில் இன்னும் ஒரு மணி நேரம் மிச்சமிருந்தால் அந்த ஓட்டம் சமன் செய்யப்படப் போகிறது என்று கண் தானாகக் கணக்குப் போட்டுவிடுகிறது. எம்.எல்.பி. டி.வி.யில் ஸ்கோரை மறைக்கும் அமைப்பு உண்டு. உள்நுழைந்தவுடன் அதை இயக்கிவிடுங்கள். யூடியூபில் அப்படி ஒன்று இல்லாததால், தொடங்கியதும் முழுத்திரைக்குப் போய், இடையில் நிறுத்த வேண்டியிருந்தால் சுட்டியைத் தொடாமல் விசைப்பலகையின் இடைவெளிக் கட்டையை அழுத்துகிறேன். அப்போதும் அந்தப் பட்டை ஒரு கணம் எட்டிப் பார்க்கக்கூடும் என்பதால், எட்டாவது இன்னிங்ஸுக்குப் பிறகு நான் நிறுத்துவதே இல்லை.